அரைச் சுற்று

ஹம்ஃப்ரி கேல் லண்டனுக்கு வந்த அன்றே அவனை எனக்குப் பிடிக்கவில்லை. காரணம் கேட்டால் அவனுடைய பூட்ஸைச் சொல்வேன். லட்லோ என்கிற நாட்டுப்புற ஊரிலிருந்து நான்கு நாள் கோச்சு வண்டியில் வந்தவன், அப்பிய சேற்றோடு எங்கள் நாடகசாலை மேடையில் ஏறி நின்று, கீழே பெஞ்சுகளையும் மேலே மெழுகுவர்த்தி வளையங்களையும் வாயைப் பிளந்துகொண்டு பார்த்தான். நடனம் சொல்லிக்கொடுக்கிறவன் நிற்கிற நிற்பா அது? கால்விரல் வெளிப்பக்கம் பார்க்க, தொப்பியைக் கக்கத்தில் இடுக்கி, தோளைத் தாழ்த்தி நிற்க வேண்டாமா? இவன் மாட்டுச் சந்தைக்கு வந்தவன் மாதிரி நின்றான்.

என் பெயர் ஜோசையா பென்னக். அப்பாவும் டான்ஸ் மாஸ்டர், நானும் டான்ஸ் மாஸ்டர். பகலில் கோட்டுப் பையில் குட்டிப் பிடிலைச் செருகிக்கொண்டு பெரிய வீடுகளுக்குப் போய், அந்த வீட்டுப் பெண்களுக்கு மினுவெட் ஆட்டமும், ஒரு அறைக்குள் எப்படி நுழைவது, எப்படிக் குனிந்து வணங்குவது என்பதும் கற்றுக்கொடுப்பேன். சாயங்காலம் நாடகத்தில் ஒரு அங்கம் முடிந்து அடுத்த அங்கம் தொடங்குவதற்குள், நடிகர்கள் உடை மாற்றுகிற நேரத்தில், குடிகார டச்சு மாலுமி ஆட்டம் ஆடுவேன். பத்தொன்பது வருஷமாக அதே மாலுமி. மேலே கேலரியில் இருக்கிற வேலைக்காரர்கள் சிரிப்பார்கள், கீழே இருக்கிற கனவான்கள் ஆரஞ்சு உரிப்பார்கள். என் மனைவி தபிதாவும் அதே மேடையில் ஆடுகிறவள். அவள் ஆடும்போது மட்டும் ஆரஞ்சு உரிக்கிற கை கொஞ்சம் நிற்கும்.

கேல் கொண்டுவந்த யோசனை இதுதான்: ஒரு முழுக் கதையை, ஒருவர்கூட வாய் திறக்காமல், ஆட்டத்திலேயே சொல்லி முடிப்பது. அந்தக் காலத்து ரோமாபுரியில் அப்படி ஆடினார்களாம். அதை லத்தீன் புத்தகங்களில் படித்தானாம். லட்லோவில் வக்கீல் வீட்டுப் பெண்களுக்குக் கால் எடுத்து வைக்கக் கற்றுக்கொடுத்த நேரம் போக மீதி நேரத்தில் இதைத்தான் செய்திருக்கிறான். எங்கள் முதலாளியோ எதற்கும் துணிந்திருந்தார். ஊரின் இன்னொரு நாடகசாலையில் கழைக்கூத்தாடிகளையும் பழக்கிய நாய்களையும் இறக்கிக் கூட்டத்தை அள்ளிக்கொண்டிருந்தார்கள். கேல் சொன்னதைக் கேட்டுவிட்டு, எல்லோர் முன்னாலும் என்னைப் பார்த்துத் திரும்பினார்.

“ஏம்ப்பா பென்னக், இத்தனை வருஷத்துல உனக்கு இப்படி ஒண்ணு தோணலையே?”

நானும் சேர்ந்து சிரித்து வைத்தேன். அவர் சொன்னதில் பொய்யில்லை. எனக்குத் தோன்றியிருக்கலாம். அதற்கு வேண்டிய கால்கள் என்னிடம் இருந்தன, மேடை இருந்தது, வீட்டிலேயே ஆட்டக்காரி இருந்தாள். தோன்றவில்லை.

கேல் எடுத்துக்கொண்டது ஒரு கிரேக்கக் கதை. காதலனை நம்பிக் கப்பலேறி வந்த பெண்ணை அவன் ஒரு தீவில் தூங்க வைத்துவிட்டுப் போய்விடுகிறான். அவள் விழித்துப் பார்க்கிறாள், கப்பல் இல்லை. அந்தப் பெண்ணாக ஆட அவன் தபிதாவைக் கேட்டான். எனக்கு என்ன வேஷம் என்று கேட்கிறீர்களா? கப்பலில் ஒரு மாலுமி. முதல் காட்சியில் பாய் இழுத்துக் கட்டிவிட்டு மறைந்துவிட வேண்டும்.

ஒத்திகை தொடங்கியது. நான் ஓரத்தில் உட்கார்ந்து பிடில் வாசித்தேன். கேல் அவளுக்கு அடவு எதுவும் சொல்லவில்லை. எதிரே நின்று கேள்வி கேட்டான். அவன் போய்விட்டான் என்று தெரிகிற அந்த நொடியில் உங்கள் கை எங்கே போகும், தொண்டைக்கா, வயிற்றுக்கா, என்று கேட்டான். அவள் யோசித்தாள். அவள் யோசிக்கிற வரை அவன் காத்திருந்தான். பன்னிரண்டு வருஷம் அவளோடு குடித்தனம் நடத்திய நான் அவளுடைய கால்விரல் கோணலைத்தான் திருத்தியிருக்கிறேனே தவிர, ஒரு நாளும் அப்படி ஒரு கேள்வி கேட்டதில்லை. இது எனக்கு அப்போதே தெரிந்தது. தெரிந்ததனால் எரிச்சல் கூடியதே ஒழியக் குறையவில்லை.

வீட்டிலும் அதே நினைப்பு அவளுக்கு. சிப்பிக் கறியை மாவுக்குள் வைத்துச் சுட்ட பண்டத்தை எனக்கு வெட்டி வைத்துவிட்டு, தன் தட்டைத் தொடாமல் காற்றில் கையை நீட்டுவாள், மடக்குவாள். என்ன என்று கேட்டால், “ஒண்ணுமில்லீங்க, கேல் கேட்டதை யோசிச்சுக்கிட்டிருக்கேன்” என்பாள். நாடகசாலை பிடில்காரர்கள் சும்மா இருப்பார்களா? வெறும் வாயை மெல்லுகிறவர்களுக்கு அவல் கிடைத்தது. அவர்களில் மூத்தவன் ஒருநாள் வில்லுக்குப் பிசின் தேய்த்துக்கொண்டே என்னிடம் கேட்டான்: “மாஸ்டர், வீட்டுக்காரம்மா இப்பல்லாம் உங்ககிட்ட வாய் திறந்து பேசறதே இல்லியாமே? எல்லாம் கையாலதானாமே? பதில் சொல்ல உங்களுக்கும் கை வருதா?” எல்லோரும் சிரித்தார்கள்.

ஒரு விஷயத்தில் மட்டும் கேலுக்கு நான் வேண்டியிருந்தேன். ஆட்டத்தைக் காகிதத்தில் எழுதுகிற வித்தை பிரெஞ்சுக்காரர்கள் கண்டுபிடித்தது. ஆட்டக்காரி போகிற வழி ஒரு கோடு. முழங்காலை மடக்குவதற்கு, எழும்புவதற்கு, குதிப்பதற்கு அந்தக் கோட்டின் மேல் சின்னச் சின்னக் கீற்றுகள். உடம்பைத் திருப்புவதற்கு ஒரு வளைவு: கால் வட்டம் போட்டால் கால் சுற்று, அரை வட்டம் என்றால் அரைச் சுற்று, வட்டத்தை மூடிவிட்டால் முழுச் சுற்று. காகிதத்தின் மேல்முனைதான் சபையில் பெரியவர் உட்காரும் இடம். அரண்மனையில் ராஜா, நாடகசாலையில் மேடைக்கு நேர் எதிரே பெரிய மனிதர்கள் உட்காருகிற தடுப்பறை; அதைப் பெட்டி என்போம். எப்படிச் சுற்றினாலும், எங்கே ஓடினாலும், ஆரம்பிப்பதும் முடிப்பதும் அந்தப் பெரியவரைப் பார்த்துத்தான். முதுகைக் காட்டி முடிப்பது என்பது ஐந்து வயதுப் பிள்ளைகூடச் செய்யாத தப்பு.

கேலின் எழுத்து கோழி கிளறியது போல இருக்கும். என் எழுத்து அப்படியில்லை. அச்சுக்குச் செப்புத் தகடு வெட்டுகிறவர்கள் என் காகிதத்தை ஒரு தடவை சரிபார்ப்பதுகூட இல்லை. பென்னக் எழுதினால் கோடு பிசகாது என்று லண்டன் முழுக்கப் பேச்சு. எனக்கு இருந்த ஒரே பெருமை அது.

ஆட்டத்துக்கு இரண்டு நாள் இருந்தபோது, மதியம் ஒத்திகை அறைக் கதவைத் தள்ளினேன். கேல் தபிதாவின் இரண்டு மணிக்கட்டையும் பிடித்து மேலே தூக்கி நிறுத்திக்கொண்டிருந்தான். அவள் சிரித்தாள். அந்தச் சிரிப்பை என் வீட்டில் கேட்டு நாலு வருஷம் ஆகியிருக்கும். என்னைப் பார்த்ததும் கேல் கையை விட்டுவிட்டு, முகமெல்லாம் மலர ஓடிவந்து ஒரு காகிதத்தைக் கொடுத்தான்.

“மாஸ்டர், கடைசிப் பக்கம். இப்பத்தான் முடிஞ்சுது. ஒத்திகை பார்க்க நேரமில்லை, மேடைக் கடலுக்கு அலை உருளை செய்யற தச்சனோட நான் மல்லுக்கட்டணும். நீங்க நல்லா எழுதிக் குடுத்துட்டா அவங்க வீட்டுலயே பார்த்துப் படிச்சுக்குவாங்க. என் எழுத்து எனக்கே புரியாது.”

வீட்டுக்கு வந்து ஜன்னலோரம் உட்கார்ந்து எழுதினேன். கரையோரம் ஓட்டம், திரும்ப ஓட்டம், இரண்டு தாவல், ஒரு தயக்கம். கடைசியில் முழுச் சுற்று. சுற்றி வந்து, எதிரே இருக்கிற பெட்டியைப் பார்த்துக் கையேந்தி நிற்க வேண்டும். நான் அரை வட்டம் போட்டேன். பேனாவை எடுத்துவிட்டேன்.

மை காயவில்லை. இன்னொரு கீற்று இழுத்திருந்தால் வட்டம் மூடியிருக்கும். நான் இழுக்கவில்லை. முதல்நாள் ஆட்டத்துக்கு பெரிய பிரபுவின் மனைவியான ஒரு டச்சஸ் அம்மாள் வருவதாகச் சொல்லியிருந்தார்கள். அவருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஆட்டத்தை முடித்தால் என்ன நடக்கும்? போன குளிர்காலத்தில் ஒரு பிரெஞ்சுப் பெண், பெட்டியை வணங்குவதற்கு முன்னால் கீழே இருந்தவர்களை வணங்கிவிட்டாள், அவ்வளவுதான். கடித்த ஆப்பிள் எல்லாம் அவள் முகத்தில் விழுந்தது. அதற்குப் பிறகு அவளை எந்த மேடையிலும் நான் பார்க்கவில்லை. தபிதா என் எழுத்தைச் சந்தேகப்பட மாட்டாள். இது கேலின் புதுப் பைத்தியங்களில் ஒன்று என்று நினைத்துக்கொண்டு அப்படியே ஆடுவாள். பழி அவன் தலையில் விழும். சேற்று பூட்ஸோடு லட்லோவுக்குக் கோச்சு ஏறுவான். தபிதாவுக்கு ஒரு சாயங்காலம் கெட்டுப்போகும், ஆறுதல் சொல்ல நான் இருக்கிறேன். இதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்: அவள் அழுதுகொண்டு என் தோளில் சாய்வதை நினைத்தபோது எனக்கு இனித்தது.

காகிதத்தை அவளிடம் கொடுத்துவிட்டு ஹாக்னியில் ஒரு வீட்டுக்குப் பாடம் எடுக்கப் போனேன். திரும்பி வந்தபோது மேஜை நாற்காலியெல்லாம் சுவரோரம் ஒதுக்கியிருந்தது. அவள் தரையில் காகிதத்தை விரித்து அதன் முன்னால் உட்கார்ந்திருந்தாள்.

“இது நீங்க எழுதினதுதானே?” என்று கேட்டாள்.

“பின்னே யாரு எழுதினது?”

“இல்லீங்க, கடைசியில...” என்று தொடங்கி நிறுத்தினாள். “சரியாத்தான் எழுதியிருக்கீங்களா?”

“எழுதியிருக்கறதை ஆடு.”

அவள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். பிறகு எழுந்து வந்து, என் கோட்டைக் கழற்றி மாட்டி, நான் கேட்காமலே பீர் ஊற்றிக் கொடுத்து, தோளைப் பிடித்துவிட்டாள். வருஷக்கணக்கில் இல்லாத கரிசனம். தப்புப் பண்ணுகிற பெண்டாட்டிதான் புருஷனைத் திடீரென்று இப்படித் தாங்குவாள் என்று நான் நினைத்தேன். அரை வட்டம் போட்டதில் மிச்சமிருந்த கொஞ்ச உறுத்தலும் அந்தப் பீரோடு இறங்கிவிட்டது.

ஆட்ட நாள் வந்தது. டச்சஸ் அம்மாள் எதிர்ப் பெட்டியில் உட்கார்ந்திருந்தார். என் பாயை இழுத்துக் கட்டிவிட்டு நான் மேடையின் பின்பக்கம், அலை உருளைகளுக்கு அப்பால் போய் நின்றேன். கேல் ஓடிவந்து என் பக்கத்திலேயே நின்றான். நகத்தைக் கடித்தான். கூட்டம் ஆரம்பத்தில் இருமியது, ஆரஞ்சு உரித்தது, கேலரியில் எவனோ ஊமைகளா என்று கேட்டான். தபிதா கண் விழித்து எழுந்த பிறகு சத்தம் குறைந்தது. அவள் கரையோரம் ஓடினாள். திரும்ப ஓடினாள். தாவினாள். தயங்கினாள்.

அவள் அரைச் சுற்றுச் சுற்றி, டச்சஸுக்கும் லண்டனுக்கும் முதுகைக் காட்டி, சாயம் பூசிய கடலைப் பார்த்து நின்றாள்.

எனக்குப் பக்கத்தில் கேல் “ஐயோ” என்று என் கையைப் பிடித்தான். கூட்டம் பேசவில்லை. ஆப்பிள் வரவில்லை. அவள் தோள்கள் மெதுவாக இறங்கின. அந்த முதுகை அவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். எங்களுக்குத் தெரிந்தது அவளுடைய முகம். கண்ணில் நீர் ஓடியது. அந்த நீரோடு அவள் நாங்கள் நின்ற பக்கம் பார்த்துச் சிரித்தாள். கல்யாணமான முதல் வாரத்தில்கூட அப்படி ஒரு முகத்தை நான் பார்த்ததில்லை. ஊரையே முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு, இந்த முகத்தை இவனுக்குக் காட்டுகிறாளே என்று, கேல் பிடித்திருந்த கையை உருவிக்கொண்டேன். அப்புறம்தான் அந்த இரைச்சல் எழுந்தது. டச்சஸ் அம்மாள் எழுந்து நின்றார் என்று பிறகு சொன்னார்கள். கடைசி ஆட்டத்தை இன்னும் இரண்டு தடவை ஆடச் சொன்னார்கள். ஒவ்வொரு தடவையும் அவள் திரும்பினாள், ஒவ்வொரு தடவையும் அதே முகம். அவனை விரட்ட நினைத்தேன். ஊர் அவனைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டது.

மறுநாள் காலையில் நாங்கள் ரொட்டி சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது கேல் வந்தான். தொப்பியைக் கழற்றக்கூட மறந்து, தன்னுடைய காகிதத்தையும் என்னுடையதையும் மேஜைமேல் பக்கத்தில் பக்கத்தில் விரித்தான்.

“மாஸ்டர், நேத்து ஊரு எதுக்கு எந்திரிச்சு நின்னுது தெரியுமா? இதுக்கு. இது என்னுது இல்லை. நான் முழுச் சுற்று போட்டிருக்கேன் பாருங்க. நான் என்னதான் லத்தீன் படிச்சாலும் பழைய பழக்கம் போகலை, பெட்டியைப் பார்த்துத்தான் முடிச்சேன். நீங்கதான் அதை உடைச்சிருக்கீங்க. இந்த ஆட்டத்தோட புஸ்தகம் அச்சுக்குப் போகுது. கடைசி ஆட்டம் பென்னக் மாஸ்டர் அமைச்சதுன்னு போடச் சொல்லி முதலாளிகிட்ட விடிஞ்சதும் சொல்லிட்டு வந்தேன்.”

தபிதா அடுப்பருகிலிருந்து திரும்பினாள்.

“எனக்கு அன்னிக்கே தெரியும்,” என்றாள் கேலிடம். “முதல்ல பார்த்தப்ப பயந்துட்டேன். அப்புறம் ஆடிப் பார்த்தேன். நான் மனசு ஒடைஞ்சா அப்படித்தான், இவருக்கு முதுகைக் காட்டிக்கிட்டு அந்த ஜன்னல்கிட்ட நிப்பேன். பன்னெண்டு வருஷமா இவர் அதைக் கவனிச்சதே இல்லைன்னு நெனைச்சிருந்தேன். கவனிச்சிருக்கார். கவனிச்சு, எனக்குன்னு எழுதியிருக்கார்.” பிறகு என்னைப் பார்த்தாள். “நேத்து திரும்பினதும் உங்க முகத்தைத்தான் தேடினேன். மூணு தடவையும்.”

அந்த முகம் எனக்கு. நான் செய்ய வேண்டியதெல்லாம் வாயை மூடிக்கொண்டு இருப்பதுதான். பெயர் வந்துவிட்டது, பெண்டாட்டி வந்துவிட்டாள், எதற்கும் நான் ஒரு விரலைக்கூட அசைக்க வேண்டியதில்லை. ஆனால் எதிரே கேல் உட்கார்ந்திருந்தான். அவன் கண் கலங்கியிருந்தது. எனக்காகச் சந்தோஷப்பட்டுக்கொண்டிருந்தான். தன்னுடைய ஆட்டத்திலேயே சிறந்த இடத்தை, மேஜையில் உப்பு நகர்த்துகிற மாதிரி என் பக்கம் நகர்த்திவிட்டான். அவன் இடத்தில் நான் இருந்திருந்தால் அந்தக் காகிதத்தை அடுப்பில் போட்டிருப்பேன். அதுவும் எனக்குத் தெரிந்தது. இதிலும் அவன்தான் மேலே, நான்தான் கீழே. அவன் போடுகிற பிச்சையில் என் பெயர் அச்சாக வேண்டுமா என்று தலைக்கு ஏறியது.

“நான் ஒண்ணும் அமைக்கலை,” என்றேன். “கை தவறிடுச்சு. எழுதறப்ப ஒரு கீற்று விட்டுப்போச்சு, அவ்வளவுதான். உன் பேரையே போட்டுக்கோ.”

தவளை தன் வாயால் கெடும். கேல் நான் அடக்கத்துக்குச் சொல்வதாக எண்ணிச் சிரித்தான். பிறகு தபிதாவைப் பார்த்தான். சிரிப்பு நின்றுவிட்டது.

“உனக்குக் கை தவறாது,” என்றாள் தபிதா.

நான் ரொட்டியைப் பிய்த்தேன்.

“நான் வந்ததுலேர்ந்து ஒரு கீற்று தவறினதில்லை. காய்ச்சல்ல எழுதினப்பகூடத் தவறலை. சரியாத்தான் எழுதியிருக்கீங்களான்னு கேட்டேன். எழுதியிருக்கறதை ஆடுன்னே.” குரல் ஏறவில்லை. ஒரு கணக்கைப் போட்டுப் பார்க்கிறவள் மாதிரி ஒவ்வொன்றாகச் சொன்னாள். “எனக்காகவும் எழுதலை. கையும் தவறலை. டச்சஸ் வர்றாங்கன்னு உனக்குத் தெரியும். அந்த பிரெஞ்சுப் பொண்ணு முகத்துல என்ன விழுந்துதுன்னும் தெரியும். தொடைச்சுவிட்டது நான். பக்கத்துல விளக்கைப் பிடிச்சது நீ.”

கேல் தன் காகிதத்தை மடித்துக்கொண்டு சத்தமில்லாமல் எழுந்து போனான். தபிதா ரொட்டித் தட்டுகளை எடுத்துக் கழுவி வைத்தாள். நான் மன்னிப்புக் கேட்க ஆரம்பித்தபோது, ஒத்திகைக்கு நேரமாகிறது என்று சொல்லிவிட்டுச் சால்வையை எடுத்துக்கொண்டாள்.

முதலாளியிடம் கேல் அன்று காலையில் சொல்லிவைத்தபடியே புத்தகம் அச்சாகிவிட்டது. தடுக்க எனக்கு வாய் வரவில்லை. கடைசிப் பக்கத்தில் என் பெயர் இருக்கிறது. காப்பிக் கடையில் என்னைப் பார்த்தால் தெரியாதவர்கள்கூட எழுந்து இடம் கொடுக்கிறார்கள். மற்ற நாடகசாலைகளிலும் இப்போது பெண்கள் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறார்கள், அதற்குப் பென்னக் சுற்று என்று பெயராம். பிடில்காரர்கள் என்னைக் கேலி செய்வதை நிறுத்திவிட்டார்கள். தபிதா என்னோடுதான் இருக்கிறாள். எனக்குச் சமைக்கிறாள், கேட்டால் பதில் சொல்கிறாள்.

கேல் பின்பக்கம் வருவதில்லை. கூட்டத்தோடு கீழே உட்கார்ந்து பார்க்கிறான். வாரத்துக்கு மூன்று சாயங்காலம் நான் மட்டும் அலை உருளைகளுக்கு அப்பால் நிற்கிறேன். அவள் ஓடுகிறாள், தாவுகிறாள், தயங்குகிறாள், திரும்புகிறாள். எனக்கு நேரே அவள் முகம் வருகிறது. உதடுகள் அசைகின்றன. ஒன்று, இரண்டு, மூன்று என்று தாளம் எண்ணுகிறாள். எண்ணி முடிகிற வரை என்னைத் தாண்டி எங்கேயோ பார்க்கிறாள். அந்தப் பக்கம் அவள் முதுகைப் பார்த்துப் பெண்கள் விசும்புவது எனக்குக் கேட்கிறது, தடித்தடி ஆண்கள் மூக்கைச் சிந்துவது கேட்கிறது. அங்கே பெஞ்சில் உட்கார்ந்திருக்கிற ஒவ்வொருவனைப் பார்த்தும் எனக்குப் பொறாமையாக இருக்கிறது.